கள்ள நோட்டும் கள்ளப் பிரபுவும்

வேலைக்காரி மரூஷ்காவுக்குத் தெரிவதெல்லாம் எஜமானர் அழுகிறார் என்பது மட்டும்தான். மேஜைமேல் குனிந்து முகத்தை மறைத்துக்கொண்டிருக்கிறார். விரிப்பில் ஈரம் சொட்டுச் சொட்டாக விழுகிறது. படம் பார்க்கிற நமக்கோ இன்னொன்றும் தெரிகிறது. முன்னால் இருக்கும் நீரில் விரலை நனைத்து, அந்தச் சொட்டைத்தான் அவன் கண்ணீராக விழவிடுகிறான். விரல் இடுக்கு வழியாக அவளை நோட்டமும் பார்த்துக்கொள்கிறான். மரூஷ்கா தாங்க மாட்டாமல் உள்ளே ஓடுகிறாள். பல வருஷமாக உழைத்துச் சேர்த்த பணத்தை எல்லாம் கொண்டுவந்து அவன் கையில் கொடுக்கிறாள். கல்யாணம் செய்துகொள்வதாக அவன் சொன்ன வார்த்தையை அவள் இன்னும் நம்பிக்கொண்டிருக்கிறாள்.

1922 ஜனவரி 11 அன்று நியூயார்க்கின் சென்ட்ரல் தியேட்டரில் முதன்முதலாகத் திரையிடப்பட்ட 'ஃபூலிஷ் வைவ்ஸ்' என்ற மௌனப்படத்தில் வரும் காட்சி இது. தமிழில் 'பேதை மனைவியர்' என்று சொல்லலாம். யூனிவர்சல் நிறுவனத்துக்காக இதை எழுதி, இயக்கி, அந்தப் பொய்யழுகைக்காரனாகவும் நடித்தவர் எரிக் ஃபான் ஸ்ட்ரோஹைம். ஆள்மாறாட்டத்தை வைத்து மௌனப்பட காலத்தில் எத்தனையோ படங்கள் வந்திருக்கின்றன. பணக்காரன் வேஷம் போடும் நாடோடி, பாதிரியார் அங்கியில் திரியும் தப்பியோடிய கைதி என்று நகைச்சுவைப் படங்களில் அது வாடிக்கையான சங்கதி. ஆனால் ஒரு பொய் ஆள் எதை எதை வைத்துக் கட்டப்படுகிறான் என்பதை இவ்வளவு நிதானமாக, இத்தனை நெருக்கத்தில் காட்டிய படம் அந்தக் காலத்தில் வேறொன்று இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. அதற்கான காரணம் இயக்குநரின் பெயரிலேயே ஒளிந்திருக்கிறது. அதற்குப் பிறகு வருகிறேன்.

கதை முதல் உலகப் போர் முடிந்த கையோடு மான்டே கார்லோவில் நடக்கிறது. கடலோரத்தில் 'வில்லா அமோரோசா' என்ற மாளிகையை வாடகைக்கு எடுத்து மூன்று பேர் வாழ்கிறார்கள். ரஷ்யப் பேரரசின் ஹுஸ்ஸார் குதிரைப்படை அதிகாரியாகச் சொல்லிக்கொள்ளும் பிரபு செர்கியஸ் கரம்ஸின், அவனுடைய 'ஒன்றுவிட்ட சகோதரிகளான' இளவரசி ஓல்கா, இளவரசி வேரா. மூன்று பேருமே போலி. சூதாட்ட விடுதியில் கள்ள நோட்டை நல்ல நோட்டாக்குவதுதான் பிழைப்பு. நோட்டு அடித்துக் கொடுப்பவர் வென்டூச்சி என்ற கிழவர். மனவளர்ச்சி குன்றிய மகள் ஒருத்தியைத் தவிர அவருக்கு உலகத்தில் யாருமில்லை.

இந்த மூவருக்கும் ஒரு சிக்கல். கள்ள நோட்டைத் தனியாக நீட்டினால் அகப்பட்டுக்கொள்வோம் என்பது அந்தத் தொழிலில் இருப்பவனுக்குத் தெரியும். நல்ல நோட்டுக் கட்டின் நடுவே செருகித்தான் தள்ள வேண்டும். ஆளுக்கும் அதே கணக்குதான். போலிப் பிரபு தனியாக நின்றால் நாலு பேர் உற்றுப் பார்ப்பார்கள். சந்தேகத்துக்கே இடமில்லாத ஒரு பெரிய மனிதர் பக்கத்தில் நின்றால் யாரும் பார்க்க மாட்டார்கள். அமெரிக்காவிலிருந்து தூதர் ஹியூஸ் மனைவி ஹெலனோடு வருகிறார் என்று பத்திரிகையில் படித்ததும் மூவரும் பிடித்துக்கொள்வது இதைத்தான். தூதரோடு ஒரே மேஜையில் உட்கார்ந்துவிட்டால் போதும், அவருடைய அந்தஸ்து தங்கள்மீதும் ஒட்டிக்கொள்ளும். ஹெலனை மயக்குவது அதற்கான வழி. கரம்ஸினுக்கு அது பிடித்தமான வழியும்கூட.

ரஷ்யப் பிரபு என்ற வேஷத்தை ஸ்ட்ரோஹைம் ஏன் தேர்ந்தெடுத்தார் என்பதற்கு அந்த ஆண்டுகளின் ஐரோப்பாவை நினைத்துப் பார்க்க வேண்டும். 1917 புரட்சியில் ஜார் ஆட்சி விழுந்தது. லட்சக்கணக்கான ரஷ்யர்கள் பாரிஸ், பெர்லின், கான்ஸ்டான்டிநோபிள் என்று சிதறினார்கள். அவர்களில் நிஜப் பிரபுக்களும் இருந்தார்கள். நகையை விற்றுச் சாப்பிட்டார்கள், டாக்ஸி ஓட்டினார்கள். நாட்டைவிட்டுப் போனவர்களின் குடியுரிமையை 1921 டிசம்பரில் சோவியத் அரசு ரத்து செய்தது. நாடற்றவர்களுக்கான நான்சென் கடவுச்சீட்டு 1922 ஜூலையில்தான் வந்தது. இடைப்பட்ட அந்தக் காலத்தில் ஒருவர் தன்னை இளவரசர் என்று சொன்னால், அதைச் சரிபார்க்க எழுதிக் கேட்பதற்கு ஓர் அலுவலகம்கூடக் கிடையாது. 1920 பிப்ரவரியில் பெர்லின் கால்வாய் ஒன்றிலிருந்து மீட்கப்பட்ட ஒரு பெண், தான் ஜார் மன்னரின் மகள் அனஸ்தாசியா என்று பிறகு உரிமை கொண்டாடினாள். அவள் ரொமானோவ் வம்சத்தவள் இல்லை என்பது 1994இல் மரபணுச் சோதனையில்தான் முடிவானது. எழுபது வருஷத்துக்கு மேல் நீடித்த சர்ச்சை அது. கரம்ஸினைப் போன்ற ஒருவனை 1922இல் பார்த்தவர்களுக்கு அவன் தினசரிப் பத்திரிகையில் வாசித்த ஆள் மாதிரிதான் இருந்திருப்பான்.

சரி, மௌனப்படத்தில் ஒரு போலியைப் போலி என்று எப்படிக் காட்டுவது? மேடை நாடகமாக இருந்தால் உச்சரிப்பு காட்டிக்கொடுத்துவிடும். நாவல் என்றால் ஆசிரியரே சொல்லிவிடுவார். மௌனப்படத்தில் குரலே இல்லை. ஆள் பாதி ஆடை பாதி என்பார்களே, இங்கே ஆடைதான் முக்கால்வாசி. தூய வெள்ளைச் சீருடை, ஒற்றைக் கண்ணாடி, கையுறை, சற்றே சாய்ந்த தொப்பி, விரலிடுக்கில் நீளமான சிகரெட், குதிகால் இரண்டும் சேர விறைத்து நின்று கையை முத்தமிடும் வணக்கம். கரம்ஸின் என்ற மனிதன் அவ்வளவுதான். அதில் ஒன்றைக்கூட ஹெலனால் குறை சொல்ல முடியாது, ஏனென்றால் எல்லாம் கச்சிதமாக இருக்கிறது.

ஸ்ட்ரோஹைம் செய்வது, யாரும் பார்க்காத இடத்துக்குக் காமிராவைக் கொண்டுபோவது. வில்லாவின் மொட்டைமாடியில் காலையில் துப்பாக்கி சுட்டுப் பழகிவிட்டு, பசியாறுவதற்கு முன் கரம்ஸின் ஒரு கோப்பை மாட்டு ரத்தம் குடிக்கிறான். இளவரசிகள் பொய்முடி இல்லாமல், சிடுசிடுவென்று வீட்டுக்குள் நடமாடுகிறார்கள். மழையில் ஒதுங்கிய குடிசையில் ஹெலன் நனைந்த உடையை மாற்றும்போது, முதுகைத் திருப்பி நிற்கும் கண்ணியவான் சின்னக் கைக்கண்ணாடி ஒன்றை எடுத்து அதன் வழியாக அவளைப் பார்க்கிறான். ஹெலனுக்குத் தெரிவது அவன் முதுகு. நமக்குத் தெரிவது கண்ணாடி. படம் முழுக்க இந்த இரட்டைப் பார்வையில்தான் ஓடுகிறது. அந்த வேலைக்காரியின் கண்ணீர்க் காட்சியும் அப்படித்தான்.

இதற்கு நேர் எதிராக ஒருவரை ஸ்ட்ரோஹைம் படத்துக்குள் வைத்திருக்கிறார். கரம்ஸினைவிட எனக்கு மனதில் நிற்பவர் அவர்தான். பெயரில்லாத ஒரு ராணுவ அதிகாரி. தோளில் நீளமான மேலங்கி போர்த்தியிருக்கிறார். முகத்தில் ஒரு சலனமும் இல்லை. ஹெலன் அவர் அருகில் புத்தகத்தைத் தவறவிடுகிறாள். அவர் குனிந்து எடுத்துத் தரவில்லை. அவளுக்குக் கோபம், இப்படியும் ஒரு மரியாதை தெரியாத மனிதனா என்று முகத்தைச் சுளிக்கிறாள். இன்னொரு நாள் வேறோர் இடத்தில் அதே ஆள். அவள் கையிலிருந்து எதுவோ விழுகிறது. மறுபடியும் அவர் அசையவில்லை. கரம்ஸினோ இப்படிப்பட்ட தருணத்துக்காகவே காத்திருப்பவன், பாய்ந்து வந்து பணிவிடை செய்கிறான். வெகுநேரம் கழித்து ஒரு முறை அந்த அதிகாரியின் மேலங்கி நழுவி விழுகிறது. அவருக்கு இரண்டு கைகளும் இல்லை. போரில் போய்விட்டன. சட்டையின் வெற்றுக் கைகள் தொங்குகின்றன. ஹெலன் அந்தத் துணியைத் தன் கைகளில் ஏந்தியபடி பேச்சற்று நிற்கிறாள்.

மொத்தப் படத்திலும் நிஜமான போர்வீரர் அந்த ஒருவர்தான். அவர் அணிந்திருப்பதும் சீருடைதான், கரம்ஸின் அணிந்திருப்பதும் சீருடைதான். ஹெலன் இரண்டையும் தவறாகப் படித்துவிட்டாள். அவள் முட்டாள் என்பதால் அல்ல. அவள் நல்ல மரியாதைகளைக் கற்று வளர்ந்தவள். மரியாதை தெரிந்தவன் நல்லவன் என்று நினைக்கப் பழக்கப்பட்டவள். படத்தின் தலைப்பு அவளைப் பேதை என்கிறது. எனக்கு அதில் உடன்பாடில்லை. படத்துக்கே முழு உடன்பாடு இருப்பதாகவும் தெரியவில்லை. அந்த வெற்றுச் சட்டைக் கையைத் தொடுகிற இடத்தில் அவள் எவ்வளவு பெரியவளாகிவிடுகிறாள் என்று பார்த்தால் புரியும். இதில் ஒரு விசித்திரமும் உண்டு: ஹெலன் வாசித்துக்கொண்டிருக்கும் அந்தப் புத்தகத்தின் பெயர் 'ஃபூலிஷ் வைவ்ஸ்', எழுதியவர் எரிக் ஃபான் ஸ்ட்ரோஹைம் என்று அட்டையில் இருக்கிறது. வில்லன் வேஷத்தில் எதிரே நிற்பவனின் பெயரை அவள் கையிலேயே வைத்திருக்கிறாள்.

அந்தப் பெயருக்கு வருவோம். 1909 நவம்பரில் 'பிரின்ஸ் ஃபிரெட்ரிக் வில்ஹெல்ம்' என்ற கப்பலில் நியூயார்க் வந்து இறங்கிய 24 வயது இளைஞர் தன் பெயரை எரிக் ஃபான் ஸ்ட்ரோஹைம் என்று சொல்லிக்கொண்டார். ஜெர்மன் பெயர்களில் 'ஃபான்' என்பது உயர்குடிப் பிறப்பின் அடையாளம். வியன்னாவின் பிரபு குடும்பம், கத்தோலிக்கர், குதிரைப்படை அதிகாரி என்று பின்னாளில் அந்தக் கதை வளர்ந்துகொண்டே போனது. பத்திரிகைகள் எழுதின, மனைவிமாரும் நண்பர்களும் நம்பினார்கள். 1957 மே மாதம் பிரான்ஸில் அவர் இறக்கும்வரை அந்தக் கதையை அவர் கைவிடவே இல்லை. இறந்து சில ஆண்டுகள் கழிந்தபின்தான் வியன்னாவின் யூதப் பிறப்புப் பதிவேடு கிடைத்தது. எரிக் ஆஸ்வால்ட் ஸ்ட்ரோஹைம், பிறப்பு 1885 செப்டம்பர் 22. அதில் 'ஃபான்' இல்லை. தந்தை பென்னோ, தொப்பி வியாபாரி. தாய் யோஹான்னா, பிராக் நகரத்தவர். ராணுவத்தில் கொஞ்ச காலம் இருந்தது உண்மை, ஆனால் அது சாமான் ஏற்றிச் செல்லும் போக்குவரத்துப் பிரிவில்.

இன்னொரு காலக்கணக்கையும் சொல்ல வேண்டும். 1919 ஏப்ரலில் புதிய ஆஸ்திரியக் குடியரசு உயர்குடிப் பட்டங்களைச் சட்டம் போட்டு ஒழித்தது. வியன்னாவில் நிஜமான 'ஃபான்'கள் எல்லாம் பெயரிலிருந்து அதை இழந்துவிட்ட அதே வருஷத்தில், 'ஃபான்' ஸ்ட்ரோஹைம் என்ற பெயர் முதன்முதலாக இயக்குநராகத் திரையில் வந்தது. 'பிளைண்ட் ஹஸ்பண்ட்ஸ்' என்ற அந்தப் படத்திலும் அவர் அடுத்தவர் மனைவியைத் துரத்தும் ஆஸ்திரிய அதிகாரியாக நடித்தார். அதற்கு முன் போர்க்காலப் பிரசாரப் படங்களில் கொடூரமான ஜெர்மன் அதிகாரி வேஷங்கள். 'நீங்கள் ஆசையோடு வெறுக்கும் மனிதர்' என்பது அவருக்குக் கிடைத்த விளம்பரப் பட்டம்.

மௌனம் அவருக்கு எவ்வளவு பெரிய காப்பாக இருந்தது என்பதைப் பின்னால் பிரெஞ்சு இயக்குநர் ழான் ரென்வார் எழுதியதை வைத்துப் புரிந்துகொள்ளலாம். 1937இல் ரென்வாரின் 'லா கிராண்ட் இல்லூசியோன்' படத்தில் ஸ்ட்ரோஹைம் ஜெர்மன் உயர்குடித் தளபதியாக நடித்தார். அவருக்கு ஜெர்மன் சரளமாக வரவில்லை, பள்ளிப் பிள்ளை அந்நிய மொழி படிப்பதுபோல் வசனத்தை மனப்பாடம் செய்ய வேண்டியிருந்தது என்று ரென்வார் தன் நினைவுக் குறிப்புகளில் சொல்கிறார். 1922இல் அந்தத் தொல்லை இல்லை. திரையில் தெரிந்தது முதுகெலும்பின் விறைப்பு மட்டும்.

இதையெல்லாம் 'ஆள் ஒரு புளுகர்' என்று தீர்ப்புச் சொல்வதற்காக நான் எழுதவில்லை. ஹாப்ஸ்பர்க் பேரரசர்கள் ஆண்ட வியன்னாவில் ஒரு யூத வியாபாரியின் மகனுக்கு எந்தெந்தக் கதவு திறக்கும், எது திறக்காது என்பது பிறந்த நாளிலேயே முடிவாகியிருந்தது. அந்தக் கதவுகளுக்கு வெளியே நின்று, உள்ளே போகிறவர்களின் பொத்தானையும் நடையையும் வணக்கத்தையும் ஒரு பையன் எவ்வளவு கூர்ந்து பார்த்திருந்தால், கரம்ஸினை இவ்வளவு துல்லியமாக உருவாக்கியிருக்க முடியும்! உயர்குடியில் பிறந்தவன் தொப்பி எத்தனை டிகிரி சாய்ந்திருக்கிறது என்று கவனிப்பதே இல்லை. கவனிக்கத் தேவையுள்ளவன்தான் கவனிப்பான்.

படப்பிடிப்பில் அவர் காட்டிய பிடிவாதமும் எனக்கு இந்தக் கோணத்திலிருந்துதான் புரிகிறது. பொருள் நுணுக்கத்தில் அவருக்கு வெறி என்று எல்லோரும் சொல்வார்கள். ஒரு பொய் ஆள் தப்பிப் பிழைப்பது நிஜமான சாமான்களால்தான் என்று தன் வாழ்க்கையிலிருந்தே அறிந்தவருக்கு, செட்டில் ஒரு சின்னப் பொருள் போலியாக இருந்தாலும் பொறுக்காது. மான்டே கார்லோவின் சூதாட்ட விடுதி, ஹோட்டல், காபிக்கடை முகப்புகளை யூனிவர்சல் வளாகத்தில் ஏறக்குறைய நிஜ அளவில் எழுப்பினார்கள். அதே ஊரின் கடலோரப் பக்கத்தை மட்டும் நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் வடக்கே, மான்டெரே அருகே பாயின்ட் லோபோஸ் பாறைக்கரையில் கட்டினார்கள். திரையில் முன்புறமும் பின்புறமும் ஒரே ஊராகச் சேர்ந்துகொள்கின்றன. 1920 ஜூலையில் தொடங்கிய படப்பிடிப்பு 1921 ஜூன்வரை இழுத்தது. செலவு 11 லட்சம் டாலருக்குப் போனது. முதலில் பதறிய யூனிவர்சல், பிறகு அதையே விளம்பரமாக்கியது. நியூயார்க் பிராட்வேயில் மின்விளக்குப் பலகை வைத்து, அதுவரை ஆன செலவை வாராவாரம் ஏற்றிக் காட்டினார்கள். அதில் ஸ்ட்ரோஹைம் என்ற பெயரின் முதல் எழுத்துக்குப் பதிலாக டாலர் குறி.

படப்பிடிப்பின் நடுவே, 1921 பிப்ரவரியில், தூதராக நடித்த ருடால்ஃப் கிறிஸ்டியன்ஸ் இறந்துபோனார். அவருடைய காட்சிகள் பாக்கி இருந்தன. ராபர்ட் எடிசன் என்ற நடிகரைக் கொண்டுவந்து, முகம் தெரியாதபடி முதுகுப் பக்கமாக நிறுத்தி எடுத்து முடித்தார்கள். ஆக, போலிகளுக்கு நடுவே ஒரே நம்பகமான மனிதராக வரும் தூதரும் சில காட்சிகளில் இன்னொருவர்தான். யூனிவர்சலின் பொறுப்பில் இருந்த இர்விங் தால்பெர்க்குக்கு அப்போது 21 வயது. செலவைக் கட்டுப்படுத்த இயக்குநரை நீக்கிவிடலாம் என்றால், கதாநாயகனும் அவரே. இறந்த நடிகருக்கு ஒரு முதுகு போதுமாயிருந்தது. கரம்ஸினுக்கு மாற்று ஆள் கிடையாது. கடைசியில் தால்பெர்க் காமிராக்களை எடுத்துக்கொண்டு போய்விடச் செய்துதான் படப்பிடிப்பை நிறுத்த முடிந்தது. ஸ்ட்ரோஹைமின் அடுத்த படத்தில் அவரை நடிக்கவிடவே இல்லை. அதனால் 1922 அக்டோபரில் பாதியிலேயே வெளியே அனுப்பவும் முடிந்தது.

படம் வெளியானபோது ஹாலிவுட் கலங்கிப்போயிருந்தது. ஒரு நடிகையின் சாவு தொடர்பாக நகைச்சுவை நடிகர் ஆர்பக்கிள்மீதான வழக்கு நடந்துகொண்டிருந்தது. திரைத்துறையைச் சீர்செய்ய வில் ஹேஸ் அந்த ஜனவரியில்தான் நியமிக்கப்பட்டார். அமெரிக்கப் பெண்களையும் கணவர்களையும் இந்தப் படம் இழிவுபடுத்துகிறது என்று பத்திரிகைகள் கொதித்தன. திரையிடலுக்கு மூன்று வாரம் கழித்து, பிப்ரவரி 1 அன்று, வில்லியம் டெஸ்மண்ட் டெய்லர் என்ற இயக்குநர் லாஸ் ஏஞ்சலிஸில் தன் வீட்டில் சுட்டுக் கொல்லப்பட்டார். விசாரணையில் அவருடைய நிஜப் பெயர் வேறு என்பது தெரியவந்தது. 1908இல் நியூயார்க்கில் மனைவியையும் மகளையும் விட்டுவிட்டு ஒரு நாள் காணாமல் போன டீன் டானர் என்பவர்தான் அவர். தீடா பாரா என்ற நடிகையை சஹாரா பாலைவனத்தில் பிறந்தவள் என்று ஸ்டூடியோவே கதை கட்டி விற்றிருந்தது. அவர் ஓஹையோ மாநிலத்து சின்சினாட்டியைச் சேர்ந்த தியோடோசியா குட்மேன். மற்றவர்கள் பழைய பெயரைப் புதைத்துவிட்டு நகர்ந்தார்கள். புதைத்த இடத்தையே திரையில் காட்டியவர் ஸ்ட்ரோஹைம் ஒருவர்தான் என்பது என் எண்ணம்.

கரம்ஸினுக்கு அவர் கருணை காட்டவுமில்லை. மரூஷ்காவுக்கு உண்மை தெரிகிறது. கரம்ஸினும் ஹெலனும் இருக்கும் கோபுரத்துக்குத் தீ வைத்துவிட்டுக் கடலில் விழுந்து சாகிறாள். தீயணைப்பு வீரர்கள் கீழே வலை விரித்ததும் முதலில் குதிப்பது கரம்ஸின், பெண்ணை மேலே விட்டுவிட்டு. அங்கேயே அவன் சாயம் வெளுத்துவிடுகிறது. இளவரசிகளைப் போலீஸ் பிடித்துக்கொண்டு போகிறது. அன்றிரவு வென்டூச்சியின் மகள் அறைக்குள் திருட்டுத்தனமாக ஏறுகிறவனைக் கிழவர் கொல்கிறார். வெள்ளைச் சீருடைக்காரனின் உடல் சாக்கடைக் குழிக்குள் போகிறது.

படத்துக்கும் அதன் முதல் உருவம் மிஞ்சவில்லை. ஸ்ட்ரோஹைம் பல மணி நேரம் ஓடும் படமாக அதைத் தொகுத்து வைத்திருந்தார். நியூயார்க்கில் காட்டியது 14 ரீல், பொது வெளியீட்டுக்குப் போனது 10 ரீல். பிறகும் வெட்டினார்கள். 1970களின் தொடக்கத்தில் ஆர்தர் லெனிக் என்ற ஆய்வாளர் அமெரிக்கப் பிரதியையும் இத்தாலியப் பிரதியையும் காட்சி காட்சியாக ஒப்பிட்டு ஒட்டினார். 2022இல், நூற்றாண்டு நிறைவில், நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகமும் சான் பிரான்சிஸ்கோ மௌனப்பட விழாவும் சேர்ந்து செய்த மீட்டெடுப்பு திரைக்கு வந்தது. ஏறக்குறைய இரண்டரை மணி நேரம் ஓடுகிறது. பார்க்கக் கிடைத்தால், தூதர் நமக்கு முதுகு காட்டி நிற்கும் காட்சிகளைக் கவனியுங்கள். அப்புறம், கரம்ஸின் தொப்பியைக் கழற்றி மறுபடி தலையில் வைக்கும் விதத்தையும். கண்ணாடியைப் பார்க்காமலே, ஒரே அசைவில், சரியான சாய்வில் உட்கார்ந்துவிடும். தொப்பி வியாபாரி பென்னோவின் மகனுக்குக் கைவந்த அசைவு அது.